முட்டை பத்து, கருவாடு பதினைந்து

“முட்டை ஒண்ணு எட்டு பெசோவுக்குத்தான் வித்தேன் மனாங்” என்று நெனிதா நான்காவது முறையாகச் சொன்னாள். அந்த நான்காவது முறையோடு ஹெர்மினியாவின் பொறுமை தீர்ந்துபோனது.

“பொய் சொல்றவங்களுக்காக நான் அலையறதில்ல. எழுந்து போ.”

லிம்பாயோன் சந்தைக்கு எதிரே, முடிவெட்டும் கடையின் மாடியில், ஒரு மேஜையும் மூன்று நாற்காலிகளும் போட்டு, ஊரே மனாங், அதாவது அக்கா, என்று கூப்பிடும் ஹெர்மினியா துப்பறியும் தொழில் நடத்திக்கொண்டிருந்தாள். அதற்கு முன் பதினெட்டு வருடம் ஒரு கொப்பரை மண்டியில் எடை எழுதினாள். எடைமேடைக்கு அடியில் முதலாளி வைத்திருந்த கல்லைக் கண்டுபிடித்து, தோப்புக்காரர்கள் எல்லோரும் இருக்கும்போது அதைத் தூக்கி வெளியே போட்டாள். வேலை அன்றைக்கே போய்விட்டது. கோபம் மட்டும் கூடவே வந்துவிட்டது.

அவளுடைய உதவியாளன் நோனோய் மூலையில் உட்கார்ந்து ஒரு கிண்ணம் பச்சோய் நூடுல்ஸை உறிஞ்சிக்கொண்டிருந்தான். டிரைசிக்கிள் ஓட்டுவது அவன் தொழில். ஹெர்மினியாவுக்கு உதவுவது, அவனே சொல்வதுபோல, பிடித்த வியாதி.

“மணி பதினொண்ணு” என்றான். “விசாரணை மூணுக்கு. சண்டையை சுருக்கமா முடிங்க.”

மேஜைமேல், பேர் சொல்லாத யாரோ இருவர் புகாரோடு கொடுத்த இரண்டு துண்டுச் சீட்டுகளின் நகல்கள் கிடந்தன. நெனிதாவின் தலையெழுத்து அந்த இரண்டில்தான் இருந்தது.

போன மாதம் புயல் அடித்தபோது அரசாங்கம் ஊரைப் பேரிடர்ப் பகுதி என்று அறிவித்து, சந்தை விலைகளை அப்படியே நிறுத்திவைத்துவிட்டது. முட்டை ஒன்று எட்டு பெசோ. கருவாடு பாக்கெட் இருபத்தைந்து. தூணுக்குத் தூண் நோட்டீஸ் ஒட்டியிருந்தார்கள். அதற்கு மேல் ஒரு பெசோ வைத்து விற்றாலும் கடை உரிமம் ரத்து. நெனிதா கூடுதல் விலைக்கு விற்றாள் என்று சொல்லி, விலைக் கண்காணிப்பு இன்ஸ்பெக்டர் ஃபெர்மின் அவள் கடைக்குப் பூட்டுப் போட்டுப் பதினாறு நாள் ஆகிறது. இரண்டு வாசலும் சேர்கிற மூலைக்கடை அது. சந்தைக்குள் யார் நுழைந்தாலும் அவள் முகத்தில் விழிக்காமல் போக முடியாது.

“அந்தக் கடை போயிட்டா நான் கூடையைத் தூக்கிக்கிட்டு மழையில தெருத்தெருவா கத்தணும்” என்றாள் நெனிதா. “பதினோரு வருஷமா அங்க நிக்கிறேன். நான் எதுக்குப் பொய் சொல்லணும்?”

“எதுக்கா? இங்க பார்.” ஹெர்மினியா பென்சிலை எடுத்தாள். “உன் கையெழுத்துதானே ரெண்டும்? ஒரே தேதி. முதல் துண்டு, முட்டை பத்து, கருவாடு நாலு பாக்கெட், மொத்தம் நூத்தி அறுபது. ரெண்டாவது, முட்டை இருபது, கருவாடு நாலு பாக்கெட், மொத்தம் இருநூத்தி அறுபது. எது என்ன விலைன்னு நீ எழுதவே இல்ல.”

“சந்தையில யார் மனாங் தனித்தனியா எழுதுறாங்க?”

“எழுதாட்டி என்ன? அதுதான் கணக்கு இருக்கே. கருவாடு ரெண்டுலயும் நாலு, அதைத் தள்ளு. அதிகமா இருக்கிறது பத்து முட்டை. அதிகமா வாங்கினது நூறு பெசோ. அப்ப ஒரு முட்டை பத்து பெசோ. ஸ்கூல் பையன் போடுவான் இந்தக் கணக்கை. என் முன்னாடி உக்காந்து எட்டு எட்டுங்கிற.”

நெனிதா அழவில்லை. பையை எடுத்துக்கொண்டு எழுந்தாள். அவள் அழுதிருந்தால் ஹெர்மினியாவுக்கு இன்னும் கோபம் வந்திருக்கும். அழாததால் கொஞ்சம் சங்கடமாகிவிட்டது.

“மனாங்” என்று நோனோய் கிண்ணத்திலிருந்து தலையைத் தூக்கினான். “முட்டை பத்துன்னீங்க. கருவாடு எவ்வளவு? வீட்டுல கேட்டாங்க, வாங்கிட்டுப் போகணும்.”

“எவ்வளவோ. போட்டுப் பாரு.”

“நான் போட்டா தப்பா வரும். நீங்க போட்டா கோபமா வரும். எனக்குக் கோபமா வந்தாலும் பரவாயில்ல, சரியா வரணும்.”

அவன் வாயை அடைப்பதற்காகவே ஹெர்மினியா போட்டாள். முதல் துண்டில் பத்து முட்டைக்கு நூறு போனால் மிச்சம் அறுபது. நாலு பாக்கெட்டுக்கு அறுபது. பாக்கெட் பதினைந்து.

பென்சில் நின்றது.

“பதினஞ்சா?” என்றான் நோனோய். “நெனிதா, எனக்கு இருபது பாக்கெட் எடுத்து வை. பக்கத்து ஊர்ல கொண்டுபோய் வித்து நானும் பணக்காரனாகிடறேன்.”

வாசல்வரை போயிருந்த நெனிதா திரும்பினாள். “பதினஞ்சுக்கு யார் தருவா? நான் படகுக்காரங்ககிட்ட வாங்குறதே இருபத்தி ரெண்டுக்கு.”

ஹெர்மினியா நாற்காலியில் சாய்ந்தாள். கோபம் அப்படியே இருந்தது. ஆள்தான் மாறியது. முதலில் தன்மேல் வந்தது. பாதிக் கணக்கைப் போட்டுவிட்டு ஒரு பெண்ணை வாசலைப் பார்த்துப் போகச் சொல்லியிருக்கிறாள். அடுத்து ஃபெர்மின்மேல் போனது. அவனும் இதே இடத்தில்தான் நிறுத்தியிருக்கிறான். ஆனால் அவன் அவசரத்தில் நிறுத்தவில்லை.

“உக்காரு நெனிதா” என்றாள். “நான் கத்தினது தப்பு. மன்னிப்பெல்லாம் அப்புறம் கேக்கிறேன், இப்ப நேரம் இல்ல. கருவாட்டை நஷ்டத்துக்கு வித்துட்டு முட்டையில ரெண்டு பெசோ திருடுறவ ஊர்ல எவளும் கிடையாது. ரெண்டு துண்டும் ஒரே விலையில எழுதினதா இருந்தாத்தான் இந்தக் கணக்கு செல்லும். ரெண்டுல ஒண்ணு வேற விலை.”

எட்டையும் இருபத்தைந்தையும் வைத்து இரண்டு துண்டையும் மறுபடி போட்டாள். இருபது முட்டை நூற்றி அறுபது, நாலு பாக்கெட் நூறு. இருநூற்றி அறுபது. இரண்டாவது துண்டு அச்சாக இருந்தது. முதல் துண்டில் பத்து முட்டை எண்பது, நாலு பாக்கெட் நூறு. நூற்றி எண்பது வரவேண்டும். நூற்றி அறுபதுதான் இருந்தது.

“அன்னைக்கு யாருக்கு இருபது பெசோ குறைச்ச?”

“யாருக்கும் இல்ல. நான் விலை குறைக்கிறதே இல்ல. கேட்டுப் பாருங்க சந்தையில.”

“யோசிச்சுச் சொல்லு.”

“யோசிக்க என்ன இருக்கு? சொந்த அக்காவுக்கே குறைச்சதில்ல.”

“போணிக்குக்கூடவா?” என்றான் நோனோய்.

நெனிதா அவனை விநோதமாகப் பார்த்தாள். “போணி எப்படி விலை குறைக்கிறதாகும்? அது போணி.”

ஹெர்மினியா பென்சிலைக் கீழே வைத்தாள். விலை குறைத்தாயா என்று எத்தனை முறை கேட்டாலும் இந்தப் பெண் இல்லை என்றுதான் சொல்வாள். பொய்யாக இல்லை, மனதார. அவள் கணக்கில் முதல் வியாபாரம் வியாபாரமே இல்லை, நாளைத் திறக்கிற சாவி. அதில் குறைந்த காசைக் குறைந்தது என்று எண்ணினால் அன்றைய ராசி போய்விடும்.

“சொல்லு” என்றாள் ஹெர்மினியா. இந்த முறை குரலைத் தணித்துக்கொண்டாள்.

“விடிகாலை அஞ்சு மணி. தட்டியைத் தூக்குறதுக்குள்ள ஒரு பொண்ணு வந்து நின்னா. மழைக்கோட்டு, தலைக்கு முக்காடு, முகம் தெரியல. பத்து முட்டை, நாலு பாக்கெட்டுன்னா. நூத்தி எண்பதுன்னேன். நூத்தி அறுபதுன்னா தா, இல்லாட்டி போறேன்னா. முதல் ஆளை வெறுங்கையா அனுப்ப முடியுமா மனாங்? குடுத்தேன். நோட்டை வாங்கி முட்டைத் தட்டுலயும் கருவாட்டுலயும் தட்டி எடுத்தேன். எல்லாரும் செய்யறதுதான். அப்புறம் துண்டு எழுதிக் குடுன்னா.”

“போணி ஆளு துண்டு கேட்டாளா?”

“எனக்கும் ஒரு மாதிரியாத்தான் இருந்துச்சு.”

“இருக்காதா பின்ன” என்று ஹெர்மினியா எழுந்தாள். “நீ சொன்னா ஃபெர்மின் நம்பமாட்டான். நான் சொன்னா சிரிப்பான். அதே நாள்ல, போணிக்கு அப்புறம், நீ எழுதிக் குடுத்த மூணாவது துண்டு ஒண்ணு வேணும். வேற யார் கேட்டா?”

நெனிதாவுக்கு உடனே நினைவு வந்தது. சந்தையில் துண்டு கேட்பது இன்னொருத்தர் காசில் வாங்குகிறவர்கள்தான். “பாசிங் கேட்டா. கவுன்சிலர் ஒர்தெசா வீட்டுச் சமையல்காரி. எப்பவும் கேப்பா.”

நோனோய் கிண்ணத்தைக் கீழே வைத்தான். “அந்த மேடம்தானே இன்னைக்கு விசாரணைக்குத் தலைமை. அவங்க வீட்டு அடுப்படியில போய் ஆதாரம் தேடணுமா? எனக்கு ஆறு பிள்ளைங்க மனாங்.”

“உனக்கு ரெண்டுதான்.”

“பயத்துல எல்லாமே கூடுதலாத் தெரியுது.”

டிரைசிக்கிள் குலுங்கிக் குலுங்கிப் போனது. நெனிதா ஊராட்சிக் கட்டடத்துக்கு நேரே போய்விட்டாள். ஹெர்மினியா இரண்டு துண்டையும் மடியில் வைத்துக்கொண்டு முறைத்துக்கொண்டே வந்தாள்.

“நோனோய், நீ கடைசியா எவ்வளவு முட்டை வாங்கின?”

“ஏழு. எட்டாவதுக்குக் காசில்ல.”

“அதான் மனுஷங்க வாங்குறது. ஏழு முட்டை, மூணு பாக்கெட்டு. இங்க ரெண்டு பேரு, ஒருத்தரை ஒருத்தர் தெரியாதாம், ஒரே நாள்ல வந்து ரெண்டு பேரும் சரியா நாலு பாக்கெட் வாங்கியிருக்காங்க. ஒரு கழித்தல்ல கருவாடு காணாமப் போகணும், முட்டை மட்டும் நிக்கணும். கணக்கை முதல்ல எழுதிட்டு, அப்புறம் கடைக்குப் போயிருக்காங்க.”

“அப்ப இது பசிக்கு வாங்கின முட்டை இல்லன்னு சொல்றீங்க.”

“ஒரு குடும்பத்தை முழுங்க வாங்கின முட்டை” என்றாள்.

கவுன்சிலர் வீட்டின் பின்கட்டில் பாசிங் பூண்டு நறுக்கிக்கொண்டிருந்தாள். நாற்பத்தைந்து வயது, கட்டையான உருவம். சுவரில் ஒரு ஆணி, அதில் அந்த மாதத்துத் துண்டுகள் எல்லாம் குத்தியிருந்தன. மாதக் கடைசியில் மேடம் எல்லாவற்றையும் ஒரு பார்வை பார்ப்பாராம்.

“பாத்துட்டுத் தந்துடறேன் பாசிங்” என்றாள் ஹெர்மினியா.

“எதுக்கு?”

“நெனிதா கடைக்காக.”

பாசிங் கத்தியை வைத்தாள். எடுத்தாள். மறுபடி வைத்தாள். பிறகு ஆணியிலிருந்து ஒரு துண்டை உருவி, கொடுக்க மனமில்லாமல் கொடுத்தாள். அதே தேதி. முட்டை ஐந்து, கருவாடு இரண்டு பாக்கெட், மொத்தம் 99.

“அடிச்சோம் மனாங்” என்றான் நோனோய்.

ஹெர்மினியா சுவரோரமாகத் திரும்பி நின்று போட்டாள். இந்தத் துண்டை இரட்டித்தால் பத்து முட்டை, நாலு பாக்கெட், நூற்றுத் தொண்ணூற்றெட்டு. நெனிதாவின் இரண்டாவது துண்டு இருபது முட்டை, நாலு பாக்கெட், இருநூற்றி அறுபது. மேலே இருந்து கீழே கழித்தால் பத்து முட்டை அறுபத்திரண்டு பெசோ.

“முட்டை ஆறு பெசோ இருபது சென்டாவோ” என்றாள்.

“இருபது சென்டாவோவா? அப்படி ஒரு காசே கிடையாதே. மிச்சத்துக்கு என்ன குடுப்பா, முட்டை ஓடா?”

ஹெர்மினியா துண்டை ஜன்னல் வெளிச்சத்தில் பிடித்தாள். நெனிதா கறுப்புப் பேனாவில் எழுதியிருந்தாள். கடைசி ஒன்பதின் வால் மட்டும் லேசாக நீலம் அடித்தது.

“பூஜ்யத்துக்கு வால் முளைச்சிருக்கு பாசிங்.”

பாசிங்கின் முகத்தில் ரத்தமே இல்லை. ஆனால் வாய் திறந்தபோது வந்தது அழுகை இல்லை, ஆத்திரம். “ஆமா. போட்டேன். தொண்ணூறை தொண்ணூத்தொம்பது ஆக்கினேன். வாரத்துல ஒரு தடவை. மூணு வருஷமா சம்பளம் ஏத்தல. கேட்டா ‘அடுத்த தேர்தலுக்கு அப்புறம் பாக்கலாம்’ங்கிறாங்க. என் பொண்ணுக்கு போன்ல காசு போட்டாத்தான் அவ குரலைக் கேக்க முடியும். போதுமா?”

தொண்ணூறை வைத்து ஹெர்மினியா மனதுக்குள் போட்டுப் பார்த்தாள். இரட்டித்தால் நூற்றி எண்பது. கழித்தால் எண்பது. முட்டை எட்டு, கருவாடு இருபத்தைந்து. தலைமுடியளவு பிசகில்லை.

“மூணு மணிக்கு வந்து இதைச் சொல்லு. தொண்ணூறுன்னு நீ சொன்னாத்தான் துண்டு பேசும். வால் இருக்கிற வரைக்கும் இது எனக்குக் குப்பை.”

“மேடம் முன்னாடியா? என் கழுத்தை நானே அறுத்துக்கவா?” பாசிங் துண்டைப் பிடுங்கி ஆணியில் குத்தினாள். “போங்க இங்கேருந்து.”

ஹெர்மினியாவுக்கு அவளை உலுக்கவேண்டும் போல இருந்தது. உலுக்கவில்லை. “நீ ஒரு வாலைப் போட்டு ஒன்பது பெசோ எடுத்த. உனக்குக் கை நடுங்குது. அவன் ஒரு கழித்தலைப் போட்டு ஒரு கடையையே எடுக்கிறான். அவனுக்கு எதுவும் நடுங்கல. அதை மட்டும் நினைச்சுப் பாரு” என்றாள்.

வெளியே வந்ததும் நோனோய் டிரைசிக்கிளை ஊராட்சிக் கட்டடத்தின் பக்கம் திருப்பினான்.

மூன்று மணிக்கு ஊராட்சிக் கட்டடத்தின் மாடியில் விசாரணை ஆரம்பித்தது. நடுவே கவுன்சிலர் ஒர்தெசா, இஸ்திரி போட்ட சட்டை, முத்துத் தோடு. பக்கத்தில் ஒரு சின்ன மேஜையில் அலுவலகத் தட்டச்சுப் பெண் ஜோவெலின், பேசுவதையெல்லாம் கணினியில் தட்டிக்கொண்டிருந்தாள். வெள்ளைப் பலகைக்கு முன்னால் இன்ஸ்பெக்டர் ஃபெர்மின். ஒரு காலத்தில் கணக்கு வாத்தியாராம். பேனாவைப் பிடித்த விதத்திலேயே தெரிந்தது.

“முட்டையின் விலை x, கருவாட்டின் விலை y” என்று அழகாக எழுதினான். கழித்தான். “பத்து x சமம் நூறு. முட்டை பத்து பெசோ. உச்சவரம்பு எட்டு. இதில் என் அபிப்பிராயம் எதுவும் இல்லை மேடம். கணக்கு பேசுகிறது.”

சந்தைக்காரர்கள் பின்னால் நின்றுகொண்டிருந்தார்கள். நெனிதா தரையைப் பார்த்துக்கொண்டிருந்தாள்.

ஹெர்மினியா எழுந்தாள். “கணக்கு பேசட்டும் சார். ஏன் பாதியில வாயைப் பொத்தினீங்க? y எவ்வளவு?”

“அது வழக்குக்குத் தேவையில்லை.”

“எனக்குத் தேவை. எழுதுங்க.”

கவுன்சிலர் தலையை ஆட்டினார். ஃபெர்மின் வேண்டாவெறுப்பாக எழுதினான். y சமம் 15.

பின்னால் ஒரு குரல் களுக்கென்றது. “பாக்கெட் பதினஞ்சா? எங்க தர்றாங்க?” இன்னொருத்தி, “படகுக்காரனுக்கே கட்டுப்படியாகாதே” என்றாள். சிரிப்பு பரவியது.

“உங்க கணக்குப்படி இவ கருவாட்டைப் பத்து பெசோ குறைச்சு ஊருக்கு தானம் பண்ணியிருக்கா” என்றாள் ஹெர்மினியா. “பூட்டு போட்டதுக்குப் பதிலா மாலை போட்டிருக்கணும்.”

“நஷ்டத்துக்கு விற்றால் அது அவள் இஷ்டம். சட்டம் முட்டையைப் பற்றியது.”

“இல்ல சார். முதல் துண்டு போணி. இருபது பெசோ குறைஞ்ச துண்டு. குறைஞ்சதையும் குறையாததையும் ஒரே கணக்குல போட்டா முட்டை ஏறும், கருவாடு இறங்கும். அதான் நடந்திருக்கு.”

கவுன்சிலர் கண்ணாடியைக் கழற்றினார். “ஆதாரம் இருக்கா ஹெர்மினியா?”

ஹெர்மினியாவிடம் இல்லை. வாழ்க்கையில் அவளுக்குப் பிடிக்காத சொல் அது ஒன்றுதான். அதைச் சொல்ல வாயைத் திறந்தபோது பின்வரிசையில் சலசலப்பு. கூட்டத்தை முழங்கையால் விலக்கிக்கொண்டு பாசிங் வந்தாள். ஏப்ரனைக்கூடக் கழற்றவில்லை.

“இந்தாங்க” என்று துண்டை கவுன்சிலர் முன்னால் வைத்தாள். “அதே நாள், ஏழு மணிக்கு வாங்கினது. அஞ்சு முட்டை, ரெண்டு பாக்கெட். தொண்ணூறு பெசோ.”

கவுன்சிலர் துண்டைப் பார்த்தார். “தொண்ணூற்றொன்பது என்று இருக்கிறது.”

“வாலை நான் போட்டேன் மேடம். ஒன்பது பெசோவை நான் எடுத்துக்கிட்டேன்.”

கவுன்சிலரின் முகம் கழுத்திலிருந்து மேலே சிவந்துகொண்டே போனது. ஹெர்மினியா அந்த நேரத்தை வீணாக்கவில்லை. பலகைக்குப் போய் ஃபெர்மின் எழுதியதன்மேலேயே எழுதினாள்.

“இந்தத் துண்டுல இருக்கிறது முதல் துண்டுல இருக்கிறதுல சரிபாதி. பத்துக்கு அஞ்சு, நாலுக்கு ரெண்டு. அப்ப காசும் பாதிதானே, எண்பது? ஆனா தொண்ணூறு வாங்கியிருக்கா. போணியில இருபது விட்டுக் குடுத்திருக்கான்னு இதைவிட எப்படிச் சொல்றது? தொண்ணூறை வச்சுக் கழிச்சுப் பாருங்க. முட்டை எட்டு. கருவாடு இருபத்தஞ்சு. நோட்டீஸ்ல ஒட்டியிருக்கிற அதே விலை.”

ஃபெர்மின் பேனாவை மூடினான். “அது போணியே இல்லை மேடம். அந்தப் பெண்ணுக்கு முன்னால் மூன்று பேர் வாங்கிவிட்டுப் போயிருந்தார்கள்.”

“அப்படியா?” என்றாள் ஹெர்மினியா. “துண்டுல தேதி மட்டும்தான் இருக்கு, மணி இல்ல. புகார் குடுத்தது யாருன்னே தெரியாதுன்னு அறிக்கையில எழுதியிருக்கீங்க. பேர் தெரியாத ஒருத்திக்கு முன்னாடி எத்தனை பேர் நின்னாங்கன்னு மட்டும் உங்களுக்கு எப்படித் தெரியும் சார்?”

அப்போதுதான் தட்டச்சுச் சத்தம் நின்றுபோயிருந்ததை எல்லோரும் கவனித்தார்கள்.

ஜோவெலின் கையை மடியில் வைத்துக்கொண்டு பாசிங்கையே பார்த்துக்கொண்டிருந்தாள். “மூணு பேர் இல்ல சார்” என்றாள் மெதுவாக. “ஒருத்தரும் இல்ல. நான்தான் முதல் ஆள். தட்டி தூக்கும்போதே போய் நிக்கணும், இருபது பெசோ குறைக்காம வரக் கூடாதுன்னு நீங்கதானே சொன்னீங்க. மழைக்கோட்டுகூட உங்களோடது.”

“ஜோவெலின்.”

“பத்து மணிக்கு உங்க மச்சினி போனாங்க. மூலைக்கடையைத் தனக்குத் தரச்சொல்லி அவங்க குடுத்த மனுவை நான்தான் டைப் பண்ணேன். எனக்கும் வேலை போகலாம் சார். பரவாயில்ல.”

சந்தைக்காரர்களிடமிருந்து கிளம்பிய சத்தத்தில் கவுன்சிலர் மூன்று முறை மேஜையைத் தட்டவேண்டியிருந்தது. தீர்ப்பு சுருக்கமாக வந்தது. நெனிதாமேல் குற்றமில்லை. பூட்டை எடுக்கலாம். இன்ஸ்பெக்டர்மேல் அடுத்த மாதம் விசாரணைக் குழு அமைக்கப்படும், அதுவரை விடுப்பு. ஃபெர்மின் யாரையும் பார்க்காமல் வெளியேறினான்.

“பாசிங்” என்றார் கவுன்சிலர், குரலை உயர்த்தாமல். “நாளையிலிருந்து வர வேண்டாம்.”

ஹெர்மினியாவுக்கு உடம்பெல்லாம் பற்றிக்கொண்டு வந்தது. “கடையைத் திருடினவனுக்குச் சம்பளத்தோட லீவு. ஒன்பது பெசோ எடுத்தவளுக்கு இன்னைக்கே தண்டனை. ரொம்ப நல்லாப் போடறீங்க மேடம் கணக்கு.”

“விசாரணை முடிந்தது ஹெர்மினியா.”

பாசிங் ஏப்ரனைக் கழற்றி மடித்து மேஜைமேல் வைத்தாள். நோனோய் பூட்டின் சாவியை வாங்கிக்கொண்டான். நான்கு பேருமாகப் படியிறங்கி சந்தைக்குள் நடந்தார்கள். பக்கத்துக் கடைக்காரிகள் நெனிதாவைத் தொட்டுத் தொட்டுப் பேசினார்கள். அவள் சிரிக்கவில்லை, அழவில்லை, நடந்துகொண்டே இருந்தாள்.

நோனோய் பூட்டைத் திறந்து தட்டியைத் தூக்கினான். உள்ளே இருந்து வந்த நாற்றத்தில் எல்லோரும் இரண்டு அடி பின்வாங்கினார்கள்.

புயலில் ஓட்டை விழுந்த தகரத்தின் வழியாகப் மழை பெய்தபோதெல்லாம் தண்ணீர் ஒழுகியிருந்தது. கருவாட்டுப் பாக்கெட்டுகளில் பச்சையும் வெள்ளையுமாகப் பூஞ்சை. தட்டு தட்டாக அடுக்கியிருந்த முட்டைகள் தகரச் சூட்டில் அழுகி, வெடித்து, மஞ்சளாக வழிந்து காய்ந்திருந்தன. ஈ மொய்த்தது. ஹெர்மினியா பென்சிலைப் பையிலிருந்து எடுத்து, மறுபடி பைக்குள்ளேயே போட்டாள். குற்றமில்லை என்று நிரூபித்துவிட்டாள். இதை என்ன செய்வது?

நெனிதா தட்டுகளை எண்ணினாள். பதினொன்று. பிறகு மேலே இருந்த தட்டைக் கவனமாகத் தூக்கினாள்.

“மனாங் பாசிங், அந்தப் பக்கம் பிடிங்க.”

“எங்க?”

“மேல.”

வந்த வழியே திரும்பி நடந்தார்கள். சந்தை விலகி வழி விட்டது. மாடியில் கவுன்சிலர் கைப்பையை மூடிக்கொண்டிருந்தார். நெனிதா தட்டைக் கொண்டுபோய் அவர் மேஜையில், கோப்புகளின் மேல், மடித்து வைத்த ஏப்ரனுக்குப் பக்கத்தில் வைத்தாள். ஒரு முட்டை அங்கேயே உடைந்தது. கவுன்சிலர் கைக்குட்டையால் மூக்கைப் பொத்தினார்.

“தட்டுக்கு முப்பது முட்டை மேடம். பதினோரு தட்டு. முட்டை எட்டு பெசோ, நீங்களே இப்பதான் சரின்னு சொன்னீங்க” என்றாள் நெனிதா. பதினாறு நாளில் முதல்முறையாக அவள் குரல் கட்டடம் முழுக்கக் கேட்டது. “கருவாடு தனி. இந்தக் கணக்குல தெரியாதது ஒண்ணே ஒண்ணுதான். யார் குடுக்கப் போறாங்க?”

“இதை முதலில் வெளியே எடு. நாளைக்குப் பேசலாம்.”

“கீழ இன்னும் பத்து தட்டு இருக்கு” என்றாள் பாசிங். “எனக்குத்தான் இப்ப வேலை இல்லையே. ஒண்ணொண்ணா எடுத்துட்டு வரேன்.”

அவள் படியிறங்கினாள். நோனோய் சட்டைக் கையை மடித்துக்கொண்டு பின்னாலேயே போனான். ஹெர்மினியா ஒரு நாற்காலியை இழுத்து வாசலை அடைத்துப் போட்டுக்கொண்டு உட்கார்ந்தாள்.